நெசவாளியின் பேரன்

அரசர் வணிகருக்குப் பட்டமளித்தனர் என்றே வரலாற்று நூல்களில் நாம் படித்து வந்துள்ளோம். வணிகர் அரசருக்கு முடி வாங்கிக் கொடுத்த கதையும் உண்டு. ஜேர்மனியின் ஔக்ஸ்பேர்க் நகரில் வாழ்ந்த யாக்கோபு பூக்கரின் (1459-1525) வரலாறு அத்தகையது.

1367 இல் ஹான்ஸ் பூக்கர் என்ற நெசவாளி, கிராபன் என்னும் சிற்றூரை விட்டு அந்நகரிற் குடியேறினார். தறியோடு துணி வாணிகமும் நடத்தினார். அவருடைய பேரனே யாக்கோபு. இளமையிற் குருத்துவ வாழ்வுக்கென விடப்பட்டிருந்தவரைக் குடும்ப வாணிகம் மீட்டழைத்துக்கொண்டது.

திரோல் நாட்டை ஆண்ட சிகிஸ்முண்டு பெருஞ் செலவாளி. ஓயாது கடன் கேட்டார். பூக்கர் குடும்பத்தார் கொடுத்தனர். ஈடாகப் பெற்றதோ சுரங்கத்து வெள்ளி. நிலத்தினடியில் உழைப்பவன் வெட்டியெடுத்த வெள்ளி, அரசனின் கடனுக்காகக் குறைந்த விலையில் இவர்கள் கைக்கு வந்து, சந்தையிற் கூடிய விலைக்குப் போயிற்று. வட்டி வாங்குதல் பாவமெனத் திருச்சபை விலக்கியிருந்த காலம் அது. இந்த ஏற்பாட்டிலோ வட்டி என்ற சொல்லுக்கே இடமில்லை!

பேரரசர் மக்சிமிலியனும் கடனாளியே. 1507 இல் கிர்ச்பேர்க், வைசன்ஹோர்ன் ஆகிய நிலங்களை யாக்கோபுக்கு விற்றார். 1511 இற் பிரபுப் பட்டமும் 1514 இற் கோமகன் பட்டமும் அளித்தார். பணத்தைத் திருப்பித்தர இயலாதவன் கையில் எஞ்சியிருந்த சரக்கு அதுதான்.

1519 இற் சாள்சைப் பேரரசராகத் தெரிவு செய்வித்தற்குச் செலவான ஏறத்தாழ 8,52,000 கில்டரில் 5,44,000 வரை யாக்கோபு கொடுத்த கடனாகும். 1523 இல் ஏகபோகத்தின் பேரில் அவர்மீது வழக்குத் தொடுக்கப்பட்டபோது, தம் உதவியின்றி இம்முடி கிடைத்திராது என்று பேரரசருக்கே அவர் எழுதினார். வழக்கு நிறுத்தப்பட்டது. இத்தனை வெளிப்படையாகப் பேசிய முதலாளியைக் காண்பது அரிது.

1525 இல் உழவர் கிளர்ந்தெழுந்தனர். அவர்களை ஒடுக்கிய சுவாபிய கூட்டணிப் படைக்கு யாக்கோபு பணமளித்தார். கொல்லப்பட்டோர் தொகை ஓரிலட்சத்தை எட்டும் என்பாருமுளர். உழவனின் ஊரிலிருந்து வந்த நெசவாளியின் பேரன், மூன்றாந் தலைமுறையில் நின்ற இடம் இது.

குடும்பத்துப் பெண்களுக்குச் சீதனம் உண்டு, வாணிக ஆட்சியிற் பங்கில்லை. யாக்கோபுக்கும் மனைவி சிபில்லாவுக்கும் பிள்ளையில்லை. அவர் இறந்த சில வாரங்களில் அம்மையார் மறுமணஞ் செய்துகொண்டார்; பழிப்பார் பழிக்கட்டும், நாம் பழியோம். வாணிகம் தமையன் மகனாகிய அந்தோனின் கைக்குச் சென்றது.

ஔக்ஸ்பேர்க்கிலே வறியோருக்கென யாக்கோபு நிறுவிய குடியிருப்பு இன்றும் உள்ளது. 1521 ஆம் ஆண்டுச் சாசனப்படி ஆண்டு வாடகை ஒரு கில்டர். இக்காலக் கணக்கில் அது 88 யூரோ சதம். குடியிருப்போர் நாள்தோறும் மூன்று மன்றாட்டுக்களையும் செலுத்துதல் வேண்டும். அவை நிறுவியவரின் குடும்பத்து ஆன்மாக்களுக்காக.