சக்கரமில்லாத் தேர்கள்

கி.பி. 5000! மண்மேடாகிவிட்ட காஞ்சியைத் தோண்டுகிறார் ஓர் ஆராய்ச்சி அறிஞர். நெசவாளர் வீடிருந்த இடம். தரையிலே ஒரு பள்ளம். அருகே, எப்படியோ மக்காமல் தப்பிய துளையிட்ட அட்டைகள். துள்ளிக் குதிக்கிறார் அறிஞர்!

"பள்ளம், தவக்குழி. அட்டை, துளைகளால் எழுதிய மறைநூல். வீட்டுக்கு வீடு இவை இருப்பதால், ஊரே முனிவர்கள் ஊர்!"

ஏடெழுதுகிறார், பட்டமும் பெறுகிறார். பாவம்! அது குழித்தறி, மிதிபலகையை மிதிக்கக் கால் வைத்த பள்ளம். அட்டையோ, சேலையிலே அன்னமும் மயிலும் எழ, எந்த இழையைத் தூக்குவதென்று தறிக்குச் சொல்லும் ஜக்கார்டு அட்டை. பிரான்சு நாட்டு ஜக்கார்டு 1804-இல் ஆக்கிய பொறியின் வழிவந்தது.

சிரிக்கிறோமா, தோழர்களே? அந்த அறிஞருக்கு நாம் அண்ணன்மார்!

காஞ்சியை ஆண்ட பல்லவர், 7-ஆம் நூற்றாண்டில் மாமல்லபுரத்துப் பாறைகளைச் செதுக்கி ஒற்றைக்கல் கோயில்கள் ஆக்குவித்தனர். அவற்றுள் ஐந்துக்கு நாம் இட்ட பெயர் என்ன? பஞ்சபாண்டவர் இரதம்! இரதமென்றால் சக்கரம் எங்கே? ஒன்று குடிசை வடிவிலல்லவா நிற்கிறது? அதைத் திரௌபதிக்கு ஒதுக்கிவிட்டதால், நகுலனும் சகாதேவனும் ஒரே தேரில் நெருக்கியடித்து அமர நேர்ந்தது! தருமராசன் தேர் என்கிறோமே, அதன் சுவரிலேயே பல்லவ மன்னனின் பட்டப்பெயர்கள் வெட்டப்பட்டுள்ளன. கல் உண்மையைக் கூவிற்று. கதை நம் காதை அடைத்தது. பெருங்கற்கால ஈமக்குழிகளையும் பாண்டவர் குழி என்றுதானே அழைத்தோம்!

மாணவரை அங்கு அழைத்துச் சென்றிருந்தோம். தறிவீட்டுச் சிறுவன் ஒருவன் கேட்டான்: "ஐயா, இதையெல்லாம் செதுக்கினவர் பேர் என்னங்க?"

விழித்தோம் நாம். மன்னர் பட்டியலையன்றோ கல்லூரியில் மனப்பாடம் செய்தோம்! பின்னரே தேடிப் படித்தோம். விடை அருகிலேயே, பூஞ்சேரிப் பாறையில் இருக்கிறது. கேவாத பெருந்தச்சன், கொல்லன் சேமகன் எனப் பெயர்கள். சிற்பப் பணி புரிந்தோர் பெயர்களே இவை என்பர் ஆய்வாளர். உளி பிடித்தவன் தன் பெயரை எழுதித்தான் வைத்தான். நாம்தான் பீமன் பெயரைப் படித்தோம்.

இன்று சேலைப் பெட்டியிலே கடையின் பெயர் கொட்டை எழுத்தில் மின்னுகிறது. உடலையும் கரையையும் கோர்வை போட்டு இணைத்த கைகளின் பெயர் எங்கே?

இளைஞர்களே, ஏடெடுங்கள்! உங்கள் தெருத் தறிக்காரர் பெயரை இன்றே எழுதுங்கள். தவறினால், 5000-இன் அறிஞர் எழுதிவிடுவார்: காஞ்சிப் பட்டெல்லாம், கண்ணன் திரௌபதிக்கு அளித்த சேலையின் மிச்சமென்று!