மோஸ்லியின் எழுச்சியும் வீழ்ச்சியும்

அரசியலில் ஈடுபடுவோருக்குச் சொல்வன்மை வேண்டும் என்பதைத் தமிழ் மக்கள் நெடுங்காலமாக அறிவர். பொருட்பாலிலே சொல்வன்மைக்கென ஓர் அதிகாரம் வகுத்த வள்ளுவர், காலமறிதலுக்கும் ஓர் அதிகாரம் வகுத்தார். முன்னையதை நிரம்பப் பெற்றும் பின்னையதைப் பெறாத ஒருவர் இருபதாம் நூற்றாண்டின் பிரித்தானிய அரசியலில் தோன்றினார். அவரே சேர் ஒஸ்வால்ட் மோஸ்லி. அவர் தமது 33ஆம் வயதில், வருங்காலப் பிரதம மந்திரி எனப் பலராலும் பேசப்பட்டார். 69ஆம் வயதில், தேர்தற் கட்டுப்பணத்தையும் இழந்து அரசியலை விட்டு அகன்றார். இவ்விரு நிலைகளுக்கும் இடையே நிகழ்ந்தவற்றை ஆராயுமிடத்து, ஒரு மனிதரின் வரலாறு மட்டுமன்றிக் குடியாட்சி முறையின் வன்மையும் குறைபாடும் ஒருங்கே புலப்படும்.

மோஸ்லி 1896ஆம் ஆண்டு நவம்பர் மாதம் இலண்டன் மாநகரிலே செல்வமும் பட்டமும் வாய்ந்த நிலக்கிழார் குடும்பமொன்றிற் பிறந்தார். முதல் மகாயுத்தம் மூண்டபோது குதிரைப் படையிற் சேர்ந்து, பின்னர் விமானப் படைக்குச் சென்றார். 1915ஆம் ஆண்டில், தாயார் பார்த்து நிற்க, அவர் ஓட்டிய விமானம் தரையில் மோதி அவரது கால் முறிந்தது. அக்கால் நன்கு குணமாகுமுன்பே அவர் போர்முனைக்குத் திரும்பினார். அதன் பயனாக வாழ்நாள் முழுவதும் சிறிது சாய்ந்தே நடக்க நேர்ந்தது. துணிவும் பொறுமையின்மையும் அவரிடத்தில் ஒன்றாகவே குடிகொண்டிருந்தன என்பதற்கு இந்நிகழ்ச்சி ஒரு சான்று.

1918ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் ஹரோ தொகுதியிற் கொன்சர்வேட்டிவ் கட்சியின் சார்பில் அவர் வென்றார். அப்போது வயது 22. பொதுமக்கள் சபையில் வந்தமர்ந்த உறுப்பினருள் அவரே மிக இளையவர். ஈராண்டுகளின் பின், இந்தியாவில் இராசப் பிரதிநிதியாக ஆட்சி புரிந்த கேர்சன் பிரபுவின் புதல்வி சிந்தியாவை மணந்தார். ஐந்தாம் ஜோர்ஜ் மன்னரும் அம்மணவிழாவுக்கு வந்திருந்தார். பிரபுக்கள் குலத்தின் செல்வப்பிள்ளையாக மோஸ்லி அமைதியாக வாழ்ந்திருக்கலாம். ஆனால் அயர்லாந்தில் விடுதலை கோரிய மக்களை அடக்கப் பிரித்தானிய அரசாங்கம் ஏவிய துணைப்படையினரின் கொடுமைகளைக் கண்டு, 1920ஆம் ஆண்டில் அவர் அரசாங்கத் தரப்பை விட்டு எழுந்து எதிர்த்தரப்பிற் போய் அமர்ந்தார். பிற்காலத்தில் அடக்குமுறையின் வடிவாகவே கருதப்பட்டவர், அடக்குமுறையை எதிர்த்தே தமது முதற் கட்சியைத் துறந்தார் என்பது வரலாற்றின் விந்தைகளுள் ஒன்று.

1924ஆம் ஆண்டில் அவர் தொழிற் கட்சியிற் சேர்ந்தார். அவ்வாண்டுத் தேர்தலில் பேர்மிங்ஹாம் நகரத்து லேடிவுட் தொகுதியில், பின்னாளிற் பிரதம மந்திரியான நெவில் சேம்பர்லேனை எதிர்த்து 77 வாக்குகளால் மட்டுமே தோற்றார். ஈராண்டுகளின் பின் சிமெதிக் தொகுதி இடைத் தேர்தலில் வென்று மீண்டும் சபை புகுந்தார். 1929ஆம் ஆண்டில் ரம்சே மக்டொனால்ட் தலைமையில் தொழிற் கட்சி அரசாங்கம் அமைத்தபோது, மோஸ்லிக்கு ஒரு மந்திரிப் பதவி கிடைத்தது. அது மந்திரிசபையின் உள்வட்டத்தில் அமைந்த பதவியன்று. எனினும் அவரிடம் ஒப்படைக்கப்பட்ட பொறுப்பு பெரிது. வேலையில்லாத் திண்டாட்டத்தைத் தீர்க்கும் பணியில் ஜே. எச். தோமஸ் என்னும் மூத்த மந்திரிக்கு அவர் துணை நிற்க வேண்டியவரானார்.

அக்காலத்துப் பிரித்தானியாவில் வேலையற்றோர் தொகை பத்து இலட்சத்தைக் கடந்திருந்தது. அமெரிக்காவிலே தொடங்கிய பொருளாதார மந்தம் பரவியதும், 1930ஆம் ஆண்டின் முடிவில் அத்தொகை இருபத்தைந்து இலட்சத்தை எட்டியது. நிலக்கரிச் சுரங்கங்களும் கப்பல் கட்டுந் துறைகளும் நெசவாலைகளும் மூடப்பட்டன. இந்நிலையை மாற்ற மோஸ்லி ஒரு விரிவான திட்டத்தை வகுத்தார். அரசாங்கமே கடன் வாங்கி வீதிகள் முதலிய பொதுவேலைகளை நடத்த வேண்டும். அறுபது வயதானோருக்கு ஓய்வூதியம் கொடுத்து அவர்களது இடத்தில் இளைஞரை அமர்த்த வேண்டும். பிள்ளைகள் பாடசாலையை விட்டு நீங்கும் வயதை உயர்த்த வேண்டும். இறக்குமதியைக் கட்டுப்படுத்த வேண்டும் என்பன அதன் முக்கிய கூறுகள். பொருளியல் அறிஞர் கெயின்ஸ் அதனைத் திறமை வாய்ந்த திட்டமெனப் போற்றினார். ஆயினும், வரவுக்குள் செலவை அடக்குவதே அரசாங்கத்தின் தலையாய கடமை என நம்பிய நிதி மந்திரி பிலிப் சினோடன் அதனை ஏற்கவில்லை. மந்திரிசபையும் நிராகரித்தது.

1930ஆம் ஆண்டு மே மாதத்தில் மோஸ்லி பதவி துறந்தார். அதற்கான காரணங்களை விளக்கிப் பொதுமக்கள் சபையில் ஒரு மணி நேரத்துக்கு மேலாக அவர் ஆற்றிய உரையை எல்லாக் கட்சியினரும் பாராட்டினர். அவ்வாண்டு ஒக்டோபர் மாதம் லண்டட்னோ நகரிற் கூடிய தொழிற் கட்சி மகாநாட்டில், அவரது திட்டத்தை ஆராய வேண்டும் என்னும் பிரேரணைக்கு 10,46,000 வாக்குகள் சார்பாகவும் 12,51,000 வாக்குகள் எதிராகவும் விழுந்தன. ஆளுங் கட்சியின் மூத்த தலைவர்கள் அனைவரையும் எதிர்த்து நின்ற இளைஞர் ஒருவருக்கு இது தோல்வியன்று. வெற்றியின் வாயில் எனலாம். மறு ஆண்டே மக்டொனால்டின் அரசாங்கம் கவிழ்ந்தது. அவர் எதிர்க்கட்சியினருடன் கூடித் தேசிய அரசாங்கம் அமைத்தார். தேர்தலிலே தொழிற் கட்சி 52 ஆசனங்களுக்குக் குறைந்து தலைமைக்கு ஆளின்றித் தவித்தது. மோஸ்லி அக்கட்சியிற் பொறுத்திருந்தால் அத்தலைமை அவரை நாடி வந்திருக்கும் எனக் கருதுவோர் பலர்.

அவர் பொறுக்கவில்லை. 1931ஆம் ஆண்டின் தொடக்கத்தில், தொழிற் கட்சியினின்றும் பிரிந்த சிலருடன் 'புதிய கட்சி' என்னும் பெயரில் ஓர் இயக்கத்தை நிறுவினார். அதன் முதற் சோதனை, ஏப்ரில் மாத இறுதியில் அஷ்டன் நகரத்தில் நடந்த இடைத் தேர்தல். புதிய கட்சியின் அபேட்சகர் 4,472 வாக்குகள் பெற்றார். அவ்வாக்குகள் பிரிந்தமையாற் கொன்சர்வேட்டிவ் கட்சி வென்றது எனத் தொழிற் கட்சித் தொண்டர்கள் சினந்து திரண்டு கூச்சலிட்டனர். மண்டபத்தின் படிகளில் நின்று அக்கூட்டத்தை நோக்கிய மோஸ்லியின் உள்ளத்தில் மக்கள்மீதே வெறுப்பு மூண்டதென்றும், பாசிசம் அவரிடத்தே பிறந்தது அக்கணத்திலேதான் என்றும், அருகில் நின்ற தோழர் ஜோன் ஸ்ட்ரேச்சி பின்னர் எழுதினார். அந்தக் கூட்டத்திலே நின்றவர்கள், எந்த வேலையற்ற ஏழைகளுக்காக அவர் பதவி துறந்தாரோ அவர்களைப் போன்ற தொழிலாளரே என்பது கவனிக்கத்தக்கது. ஸ்ட்ரேச்சி சில மாதங்களுள் விலகினார். அவ்வாண்டுப் பொதுத் தேர்தலிற் புதிய கட்சி நிறுத்திய 24 அபேட்சகருள் ஒருவரேனும் வெல்லவில்லை. மோஸ்லியும் தோற்றார். அதன் பின் அவர் ஒருபோதும் பாராளுமன்ற உறுப்பினராகவில்லை.

1932ஆம் ஆண்டு சனவரி மாதம் அவர் இத்தாலிக்குச் சென்று முசோலினியைக் கண்டார். எதிர்த்துப் பேசுவாரின்றி ஒருவர் நினைத்ததை உடனே முடிக்கும் ஆட்சிமுறை அவரைக் கவர்ந்தது. அதே ஆண்டு ஒக்டோபர் மாதம் 'பிரித்தானியப் பாசிஸ்டுச் சங்கம்' தொடங்கப்பட்டது. தொண்டர்கள் கருஞ்சட்டை அணிந்தனர். கையை உயர்த்தித் தலைவரை வணங்கினர். 'டெய்லி மெயில்' பத்திரிகையின் அதிபர் ரொதர்மியர் பிரபு 1934ஆம் ஆண்டு சனவரியிற் கருஞ்சட்டையினரைப் புகழ்ந்து தம் பத்திரிகையில் எழுதினார். உறுப்பினர் தொகை சில மாதங்களில் ஐம்பதினாயிரம் வரை உயர்ந்தது என்பர். இவ்வியக்கத்துக்கு முசோலினி இரகசியமாகப் பணம் அனுப்பினார் என்பதை, மோஸ்லி இறந்த பின் வெளியான அரசாங்க ஆவணங்கள் காட்டின. தேசப்பற்றைப் பறைசாற்றிய இயக்கம் அந்நிய சர்வாதிகாரியின் பொருளால் வளர்ந்தது.

1934ஆம் ஆண்டு யூன் 7ஆந் திகதி இலண்டன் ஒலிம்பியா மண்டபத்தில் அவ்வியக்கத்தின் மாபெருங் கூட்டம் நடைபெற்றது. பன்னீராயிரம் பேருக்குக் குறையாமல் வந்திருந்தனர். கூட்டத்தில் எவரேனும் குறுக்கிட்டுக் கேள்வி கேட்டால், மோஸ்லி பேச்சை நிறுத்துவார். விளக்கொளி கேட்டவர்மீது பாயும். கருஞ்சட்டையினர் அவரைச் சூழ்ந்து அடித்து வெளியே எறிவர். இக்காட்சியை நேரிற் கண்ட கொன்சர்வேட்டிவ் கட்சி உறுப்பினர் சிலரும் அருவருத்துக் கண்டித்தனர். அம்மாத முடிவிலே ஜேர்மனியில் ஹிட்லர் தம் தோழர் பலரைக் கொல்வித்த செய்தியும் வந்தது. யூலை மாதம் ரொதர்மியர் பிரபு தம் ஆதரவை விலக்கிக்கொண்டார். வசதி படைத்தோர் விலகியதும் இயக்கம் சுருங்கியது.

இந்த நிலையிலேதான் மோஸ்லி மிகக் கொடிய வழியைத் தேர்ந்தார். இலண்டன் மாநகரின் கிழக்குப் பகுதியில், உருசியப் பேரரசின் கொடுமைக்கு அஞ்சி 1880ஆம் ஆண்டுகள் முதல் வந்து குடியேறிய யூத மக்கள் நெருங்கி வாழ்ந்தனர். அவர்களுட் பலர் தையற் கூடங்களில் உழைத்துப் பிழைத்த ஏழைகள். வாடகை உயர்வுக்கும் வேலையின்மைக்கும் அவர்களே காரணமெனப் பாசிஸ்டுகள் தெருமுனைகளிலே தூற்றினர். வேலையின்மைக்குப் பொருளாதாரக் காரணங்களை ஆராய்ந்து, தெளிவான திட்டம் எழுதியவர் மோஸ்லி. அண்டை வீட்டு யூதத் தையற்காரர் அதற்குக் காரணமல்லர் என்பதை அவரைவிட நன்கு அறிந்தவர் அந்நாட்டில் மிகச் சிலரே. அறியாமையாற் பகைமை பேசுபவனைத் திருத்த இடமுண்டு. அறிந்தே பேசுபவனின் குற்றம் பெரிது.

1936ஆம் ஆண்டு ஒக்டோபர் 4ஆந் திகதி, ஞாயிற்றுக்கிழமை, கருஞ்சட்டையினர் கிழக்கு இலண்டன் ஊடாக அணிவகுத்துச் செல்லத் திட்டமிட்டனர். ஊர்வலத்தைத் தடுக்குமாறு பல்லாயிரவர் கையொப்பமிட்டு விண்ணப்பித்தும் அரசாங்கம் மறுத்தது. அன்று யூதரும், அயர்லாந்து வழிவந்த துறைமுகத் தொழிலாளரும், ஏனையோருமாகப் பெருந்திரளானோர் தெருக்களை அடைத்து நின்றனர். கேபிள் வீதியிலே தட்டுமுட்டுச் சாமான்களைக் குவித்துத் தடை எழுப்பினர். வழியைத் திறக்க முயன்ற பொலிசார்மீது பெண்கள் மேன்மாடங்களிலிருந்து கைக்கெட்டியவற்றை வீசினர். ஈற்றிற் பொலிஸ் ஆணையாளர், ஊர்வலத்தை மேற்குத் திசையில் திருப்பிக் கலைத்துவிடுமாறு மோஸ்லிக்குக் கட்டளையிட்டார். இரண்டு நாட்களின் பின், பேர்ளின் நகரிலே கெபல்ஸ் வீட்டில், ஹிட்லர் விருந்தினராக இருக்க, மோஸ்லி டயானா மிற்போர்ட் என்னும் பெண்மணியை மறுமணஞ் செய்தார். முதல் மனைவி சிந்தியா 1933ஆம் ஆண்டிலே காலமாகியிருந்தார்.

கேபிள் வீதியின் வெற்றியோடு தீமை ஒழிந்துவிடவில்லை. அடுத்த வாரமே யூதர் கடைகளின் கண்ணாடிகள் நொறுக்கப்பட்டன. 1937ஆம் ஆண்டு மார்ச் மாதம் இலண்டன் பிரதேச சபைத் தேர்தலில், பாசிஸ்டுகள் பெத்னல் கிரீன் பகுதியில் நூற்றுக்கு 23 வீதமும், லைம்ஹவுஸ் பகுதியில் 19 வீதமும், ஷோர்டிச் பகுதியில் 14 வீதமும் வாக்குகள் பெற்றனர். இவை அற்பமான தொகைகள் அல்ல. ஆயினும் அவர்கள் வலிமை மிக்கிருந்த அவ்விடங்களிலும் வாக்காளருள் மிகப் பெரும்பான்மையோர் அவர்களை நிராகரித்தனர். அதற்கிடையில், அரசியற் கட்சியினர் சீருடை அணிவதைத் தடுக்கும் பொது ஒழுங்குச் சட்டம் 1937ஆம் ஆண்டு சனவரி முதல் நடைமுறைக்கு வந்தது. கருஞ்சட்டை கழன்றதும் அதன் கவர்ச்சியும் குன்றியது. தெருவிலே மக்கள் காட்டிய உறுதி, பாராளுமன்றம் இயற்றிய சட்டம், வாக்குச் சீட்டு ஆகிய மூன்றும் ஒன்றையொன்று தாங்கி நின்றன. இவற்றுள் ஒன்று மட்டும் போதியதாய் இருந்திராது.

இரண்டாம் மகாயுத்தம் மூண்டபின், ஜேர்மனியுடன் சமாதானம் செய்ய வேண்டுமென மோஸ்லி பிரசாரஞ் செய்தார். 1940ஆம் ஆண்டு மே 23ஆந் திகதி, பாதுகாப்பு விதிகளின்படி விசாரணையின்றிச் சிறையிடப்பட்டார். அவரது இயக்கமும் தடை செய்யப்பட்டது. 1943ஆம் ஆண்டு நவம்பரில் நோயுற்ற அவரை அரசாங்கம் விடுவித்தபோது, நாடெங்கும் கண்டனம் எழுந்தது. ஆனால் வெளிநாட்டுப் பயணத்தில் இருந்த பிரதம மந்திரி சேர்ச்சில், விசாரணையின்றி ஒருவரைச் சிறையில் வைக்கும் அதிகாரம் மிக வெறுக்கத்தக்கதென உள்நாட்டு மந்திரிக்குத் தந்தி அனுப்பினார். சட்டத்தின் பாதுகாப்பைப் பிறருக்கு மறுக்க எண்ணியவருக்கும் அப்பாதுகாப்பை நினைவிற் கொண்டதே அந்நாட்டுக் குடியாட்சியின் பெருமை.

யுத்தம் முடிந்து ஹிட்லரின் கொலைக்களங்கள் உலகறிய வெளிப்பட்ட பின்னரும் மோஸ்லி ஓயவில்லை. 1948ஆம் ஆண்டில் 'ஐக்கிய இயக்கம்' என்ற புதுப் பெயருடன் தோன்றினார். 1958ஆம் ஆண்டு இலண்டன் நொட்டிங் ஹில் பகுதியில் மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து வந்து குடியேறிய கறுப்பின மக்கள் தாக்கப்பட்டனர். மறு ஆண்டு மே மாதம் அப்பகுதியிலே கெல்சோ கொக்ரேன் என்னும் தச்சுத் தொழிலாளி இனவெறியர் சிலராற் குத்திக் கொல்லப்பட்டார். அந்த வேதனையிலும் வாக்குத் தேடிய மோஸ்லி, 1959ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் வட கென்சிங்டன் தொகுதியில் அபேட்சகரானார். முன்பு யூதர்மீது சுமத்திய பழிகளை இப்போது கறுப்பின மக்கள்மீது சுமத்தினார். அவருக்குக் கிடைத்தவை 2,821 வாக்குகள். நூற்றுக்கு எட்டு வீதம். வாழ்க்கையில் முதன்முறையாகக் கட்டுப்பணத்தையும் இழந்தார். 1966ஆம் ஆண்டில் ஷோர்டிச் தொகுதியில் நின்று 1,127 வாக்குகளே பெற்றார். அதன் பின் அரசியலை விட்டு, ஏற்கெனவே குடியேறியிருந்த பிரான்சு நாட்டிலே வாழ்ந்து, 1980ஆம் ஆண்டு டிசெம்பர் 3ஆந் திகதி 84ஆம் வயதிற் காலமானார்.

மோஸ்லியின் வரலாற்றிலே இரு தரப்பாருக்கும் பாடமுண்டு. 1930ஆம் ஆண்டில் மந்திரிசபை புறக்கணித்த திட்டத்தின் அடிப்படைக் கருத்து, அதாவது அரசாங்கமே பொருள் செலவிட்டு வேலைவாய்ப்பைப் பெருக்க வேண்டும் என்பது, இரண்டாம் மகாயுத்தத்தின் பின் இரு பெருங் கட்சிகளாலும் ஏற்கப்பட்டது. காலத்தே செவிசாய்த்திருந்தாற் பல இலட்சம் குடும்பங்களின் துயர் குறைந்திருக்கும். குடியாட்சி மெதுவாக நடப்பது. சிலவேளை தேவைக்கும் மிக மெதுவாக நடப்பது. அது அதன் குறைபாடு. ஆனால் அக்குறைபாட்டுக்குப் பரிகாரம் மக்களை வெறுப்பதன்று. தோல்வியுற்ற ஒரு திட்டத்தை மீண்டும் மீண்டும் எடுத்துரைத்து, மாறுபட்டோரை இணங்குவிக்கும் பொறுமையே பரிகாரம். அப்பொறுமையை இழந்த நாளில் மோஸ்லி வேலையற்றோரின் வழக்கறிஞர் என்னும் நிலையிலிருந்து நழுவினார். ஏழைகளை ஏழைகளுக்கு எதிராக ஏவுவதன்றி வேறு தொழில் அவருக்கு எஞ்சவில்லை. அவரது சொல்வன்மை இறுதிவரை மங்கவில்லை என்பர். கேட்கத்தான் ஆளில்லாமற் போயிற்று.