இன்னொரு பழம்: சிரிப்பின் கணக்கு

கவுண்டமணி-செந்தில் என்றதுமே உதை, வசவு, நிறக்கேலி என்று தீர்ப்பெழுதி முடித்துக்கொள்வது நம் விமர்சன வழக்கம். தீர்ப்பில் பொய்யில்லை. ஆனால் நந்தன் கதையைக் கல்விக்கான கதையாக மாற்றிக் 'கிந்தனார்' நடத்திய என்.எஸ். கிருஷ்ணனிடம் மேல்நோக்கிக் கேள்வி கேட்ட சிரிப்பு, பிறகு எங்கே போனது என்பதை இந்தத் தீர்ப்பு விசாரிப்பதில்லை.

1989இல் வந்த 'கரகாட்டக்காரன்' (இயக்கம் கங்கை அமரன், நகைச்சுவைப் பகுதி ஏ. வீரப்பன்). தவில்காரரான கவுண்டமணி ஒரு ரூபாய் கொடுத்து இரண்டு வாழைப்பழம் வாங்கிவரச் சொல்கிறார். ஒன்றை வழியிலேயே தின்றுவிட்டு ஒன்றோடு வருகிறார் செந்தில். இன்னொன்று எங்கே? கொடுத்த இதுதான் அந்த இன்னொன்று.

இருபது வருஷத்துக்கு முன்பு, 1969இல், பிபிசியின் 'மான்டி பைதன்' தொடரிலும் இப்படியொரு வழக்கு. செத்த கிளியைத் திருப்பிக் கொடுக்க வந்தவரிடம், கிளி ஓய்வெடுக்கிறது என்று சாதிக்கிறார் கடைக்காரர். இரண்டிலும் கண்ணெதிரே உள்ள பொருளைச் சொல் தோற்கடிக்கிறது. அங்கே விற்றவன் சாதிக்கிறான், இங்கே ஏவப்பட்டவன்.

வாழைப்பழத்தை நான் முதலில் கேட்டது கேசட்டில், சென்னிமலைத் தறிப்பட்டறையில். உடுமலைப் பக்கத்துக்காரரின் பேச்சு எங்க ஊர்ப் பேச்சாகவே இருந்தது. குழித்தறியில் மிதியை நிறுத்தாமலே சிரித்தார்கள். அங்கே நூலை எடைபோட்டு வாங்கி, போர்வையை எடைபோட்டுக் கொடுக்க வேண்டும். குறைந்தால் கூலியில் பிடித்தம். ஒரு சனிக்கிழமை அப்பா கேட்டார், "போன வாரம் பிடிச்சதத் திருப்பித் தர்றேன்னீங்களே?" நூல் கொடுத்தவர் அந்த வாரக் கூலியைக் காட்டி, "அதுதானப்பா இது" என்றார். அப்பா சிரிக்கவில்லை.

பட்டறை ஏன் அப்படிச் சிரித்தது என்று பிறகுதான் புரிந்தது. முதலாளியின் கணக்கை ஒரு கீழாள் தன் மேலாளிடமே போட்டுக் காட்டுகிறான். ஆனால் அந்தக் கணத்திலேயே உதை விழுந்துவிடுகிறது. அடிக்கிறவரும் கூலிக்குத் தவில் வாசிக்கிறவர்தான். இரண்டு பேருக்கும் ஏன் ஒரு ரூபாய்ப் பழமே பெரிசாக இருக்கிறது என்ற கேள்வி அந்த உதையோடு ஓடிப்போகிறது.

ஆகவே இந்தச் சிரிப்பைப் புறக்கணிப்பதும் தப்பு, கொண்டாடுவதும் தப்பு. செந்தில் போட்ட கணக்கை எடுத்துக்கொண்டு, உதையை விட்டுவிட முடியுமா? அப்பா அன்றைக்குச் சொல்லாமல் வந்த பதில் அங்கேதான் இருக்கிறது.