அகவன்மகள், கட்டுவிச்சி, குறத்தி

அகவுதல் என்றால் கூவி அழைத்தல். மயில் அகவும். தெய்வத்தை அழைத்துப் பாடிக் குறி சொன்ன பெண்ணுக்கும் சங்க காலத்தில் இந்த வினையால்தான் பெயர்: அகவன்மகள். ஆசிரியப்பாவை அகவல் என்பதும் இதே வேரிலிருந்து வந்ததுதான்.

குறுந்தொகை 23ஆம் பாட்டில் ஔவையார் அவளைக் காட்டுகிறார். சங்குமணிக் கோவைபோல நரைத்த நெடுங்கூந்தல். மகள் ஏன் மெலிகிறாள் என்று அறிய வீட்டார் அழைத்திருக்கிறார்கள். அவள் மலைகளைப் பாடிக்கொண்டே போகிறாள். ஒரு மலை வந்ததும் தோழி குறுக்கிட்டு, அதையே இன்னொரு முறை பாடச் சொல்கிறாள். அது காதலனுடைய மலை. அவ்வளவுதான், பெற்றவளுக்குப் புரியவேண்டியது புரிந்துவிடும். வீட்டுக்குள் யாரும் வாய்விட்டுச் சொல்ல முடியாததைச் சொல்ல வெளியிலிருந்து ஒருத்தி தேவைப்பட்டாள். அவளைத் தேடியவர்களின் உண்மையான தேவை இதுதான் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

அடுத்த பெயர் கட்டுவிச்சி. கட்டு என்பது நெல்லை வைத்துப் பார்க்கும் குறி. முறத்தில் நெல்லைப் பரப்பி, நான்கு நான்காக எண்ணிக் கழிப்பாள். மிச்சம் ஒன்று, இரண்டு, மூன்று என்றால் முருகன் அணங்கியதால், அதாவது பிடித்து வருத்தியதால், வந்த நோய். நான்கு என்றால் வேறு நோய். உரைகாரர்கள் தரும் கணக்கு இது. முருகனின் பூசாரியான வேலன் கழங்குக் காய்களைப் போட்டுக் குறி பார்ப்பான். கட்டுவிச்சிக்கோ அடுக்களை முறமும் நெல்லும் போதும். திருமங்கையாழ்வாரின் சிறிய திருமடலிலும் அவள் முறத்து நெல்லோடுதான் வருகிறாள். அங்கே நோய் தந்தவன் திருமால்.

பிறகு கட்டுவிச்சி என்ற பெயர் வழக்கொழிந்தது. குலத்தின் பெயரே தொழிலுக்கும் ஆனது. குறத்தி வந்தாள். அவள் பெயரால் குறவஞ்சி என்று ஓர் இலக்கிய வகையே எழுந்தது. 18ஆம் நூற்றாண்டில் திரிகூடராசப்பக் கவிராயர் பாடிய திருக்குற்றாலக் குறவஞ்சியில் குறத்தி சிங்கியின் கையில் மாத்திரைக்கோல் இருக்கிறது. குறுந்தொகை 298இல் அகவன்மகளிர் ஏந்தும் வெண்முனைச் சிறுகோல் நினைவுக்கு வருகிறது. கை பார்க்கும் முன் சிங்கியும் மலையைத்தான் பாடுகிறாள். பெயர் இரண்டு முறை மாறியும் கோலும் மலைப்பாட்டும் கைவிட்டுப் போகவில்லை.

மாறியது குறி கேட்பவர். சங்கப் பாட்டில் மகளுக்காகத் தாய் கேட்டாள். குற்றாலக் குறவஞ்சியில் தலைவி வசந்தவல்லி தானே கையை நீட்டி, தன் நெஞ்சில் இருப்பவன் யாரென்று சொல்லச் சொல்கிறாள்.