கனவில் பேசியது யார்? நபோனிடஸின் நிலாக் கடவுள்: ஒரு மறுவாசிப்பு

பாபிலோனை ஆண்ட கடைசி மன்னன் நபோனிடஸ் (கி.மு. 556–539) யாரும் கண்டிராத ஒரு நிலாக் கடவுளைப் புதிதாகச் செய்துவைத்தான் என்பது அவன்மீது சுமத்தப்பட்ட பழி. பாரசீகர் நகரைப் பிடித்தபின் எழுந்த செய்யுள் வரலாறு இப்படிச் சொல்கிறது. 1924இல் சிட்னி ஸ்மித் வெளியிட்ட அந்தப் பலகையில் சிலையின் தோற்றம் கிரகண நிலாவுக்கு ஒப்பிடப்படுகிறது; எழுத்தாணி பிடிக்கத் தெரியாவிட்டாலும் மறைபொருள்களைக் கண்டவன் தானே என்று மன்னன் பெருமையடித்துக்கொண்டதாகவும் வருகிறது. வென்றவர் பக்கம் நின்று எழுதிய வசை இது. இதை அப்படியே நம்புவோர் இன்று இல்லை. ஆயினும் இதன் நிழல் ஆய்வுகளின்மேல் இன்னும் விழுந்துகொண்டுதான் இருக்கிறது.

பால்-ஆலன் போல்யூ 1989இல் வெளியிட்ட நபோனிடஸ் ஆட்சி பற்றிய நூலை விட்டுவிட்டு இத்துறையில் யாரும் பேச முடியாது. கல்வெட்டுகளை அவர் காலவரிசைப்படுத்தியதன் பயனைத்தான் நாம் அனைவரும் அனுபவிக்கிறோம். என் மறுப்பு அந்த வரிசையிலிருந்து அவர் பெற்ற முடிவு பற்றியது. தொடக்கத்தில் மன்னன் பாபிலோனின் தலைமைக் கடவுளான மர்துக்குக்கு உரிய இடத்தைக் கொடுத்து அடங்கியிருந்தான்; அரேபியாவின் தெய்மாவில் தங்கிவிட்டுத் திரும்பியபின் சின் என்னும் நிலாக் கடவுளை எல்லாக் கடவுளருக்கும் மேலே தூக்கி வைத்தான் என்பது அவர் வாசிப்பு. இது கடவுளின் வரலாற்றை மன்னனின் மனமாற்ற வரலாறாக ஆக்கிவிடுகிறது.

சின்னுக்கு அப்படியொரு மனமாற்றம் தேவைப்படவில்லை. நிலா மறையும் நாளில் நன்னா, அதாவது சின், இறந்தோரின் கதியைத் தீர்மானிக்கிறான் என்ற நம்பிக்கை, மாஸ்கோ புஷ்கின் அருங்காட்சியகத்தில் உள்ள சுமேரிய இரங்கற்பா ஒன்றிலேயே இருக்கிறது. கிரேமர் அதை 1960இல் பதிப்பித்தார். அசிரிய மன்னன் எசர்ஹதோன் எகிப்துக்குப் படையெடுத்தபோது, ஹர்ரான் நகருக்கு வெளியே தேவதாரு மரத்தால் ஆன கோயிலில் கோலூன்றிய சின், தலையில் இரு முடிகளோடு, அவனுக்கு வெற்றியை வாக்களித்ததாக ஓர் அரசவைக் கடிதம் கூறுகிறது. அதே எசர்ஹதோன் காலத்தில், ஹர்ரானின் புறநகரில் ஓர் அடிமைப்பெண், சின்னின் மகனாகிய நுஸ்குவின் வாக்காக அரசுரிமை வேறொருவனுக்குப் போகும் என்று உரைத்து அரண்மனையையே கலங்கடித்தாள். இறந்தோர், வருங்காலம், அரச இரகசியம் எல்லாம் நபோனிடஸுக்கு முன்பே ஹர்ரான் கடவுளைச் சூழ்ந்திருந்தவை.

ஆட்சியின் தொடக்கத்தைச் சேர்ந்தது என்று போல்யூவே ஏற்கும் பாபிலோன் தூண் (இப்போது இஸ்தான்புல்லில் உள்ளது) இவற்றைவிடத் தெளிவாகப் பேசுகிறது. பெரிய விண்மீனும் நிலாவும் நெருங்கி வந்ததைக் கனவில் கண்டு நபோனிடஸ் அஞ்சுகிறான். பக்கத்தில் நின்ற ஒருவன் அதில் தீக்குறி இல்லை என்று தேற்றுகிறான். அதே கனவில், இறந்துபோன முன்னாள் மன்னன் நெபுகத்நேசர் தேர்மேல் நின்று, கண்ட நற்குறிகளைச் சொல்லும்படி கேட்கிறான். இத்தூணிலேயே ஹர்ரானில் சின்னுக்குரிய எஹுல்ஹுல் கோயில் 54 ஆண்டு பாழடைந்து கிடந்தது என்ற கணக்கும் வருகிறது. நகர் வீழ்ந்தது கி.மு. 610, அவன் முடிசூடியது 556. மர்துக்கின் நகரில் நின்ற தூணில், முதல் நாளிலிருந்தே சின்னின் மீட்சி கணக்கிடப்பட்டிருக்கிறது.

இனி என் வாதத்தின் நடுப்புள்ளி. எஹுல்ஹுலைக் கட்டச் சொன்ன கட்டளைக் கனவு இரண்டு வடிவங்களில் கிடைக்கிறது. சிப்பாரில் கிடைத்த களிமண் உருளையில் மர்துக்கும் சின்னும் சேர்ந்து நிற்கிறார்கள். பேசுவது மர்துக் மட்டும். உன் குதிரையில் செங்கல் சுமந்து கோயிலைக் கட்டு என்கிறான். மேதியர் சூழ்ந்திருக்கிறார்களே என்று மன்னன் தயங்க, மூன்றாம் ஆண்டில் அன்ஷான் மன்னன் சைரஸ் எழுந்து அவர்களைச் சிதறடிப்பான் என்று விடை வருகிறது. சின் வாய் திறப்பதில்லை. ஹர்ரானில் கிடைத்த நபோனிடஸின் தூணிலோ இக்கனவில் மர்துக் இல்லை. இரவில் கனவு காட்டியவன் சின், கட்டளையிட்டவனும் அவனே.

போல்யூவின் வாசிப்புப்படி முதலது பழைய நிலை, அடுத்தது முதிர்ந்த நிலை என்றாக வேண்டும். ஆனால் உருளை சைரஸின் வெற்றியை முடிந்த செயலாக அறிந்திருக்கிறது; அவன் ஆட்சி நிகழ்வுகளை ஆண்டுவாரியாகப் பதியும் பாபிலோனிய நாளாகமம் அவ்வெற்றியை நபோனிடஸின் 6ஆம் ஆண்டில், கி.மு. 550இல், வைக்கிறது. ஆக மர்துக் பேசும் வடிவம் அதற்கு முந்தியதாக இருக்க முடியாது. சின்னின் கை மேன்மேலும் ஓங்கிவந்தது என்றால், இவ்வளவு பிந்திய உருளையில் சின் ஊமையாக நிற்பானேன்? உருளையின் 'மூன்றாம் ஆண்டு' நாளாகமத்தின் 6ஆம் ஆண்டோடு பொருந்தவில்லை என்பது உண்மை. அந்த முடிச்சை நான் அவிழ்த்துவிட்டதாகச் சொல்லவில்லை. எப்படி அவிழ்த்தாலும் என் மறுப்பு நிற்கும்.

அந்தந்த ஊர்க் கோயிலுக்கேற்ப கடவுள் உயர்த்தப்படுகிறார் என்று அமேலி கூர்ட் 1990இல் முன்வைத்த விளக்கம் எனக்கு நெருக்கமானது. ஆனால் சிப்பார் சூரியக் கடவுளான ஷமாஷின் ஊர். ஊர்தான் காரணம் என்றால் கனவில் ஷமாஷ் அல்லவா பேசியிருக்க வேண்டும்? ஆகவே இடத்தோடு ஆவணத்தின் வகையையும் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்கிறேன். உருளை அடித்தளத்தில் புதைக்கப்படுவது. கடவுளருக்கும் அதைத் தோண்டி எடுக்கப்போகும் பின்னாள் மன்னருக்கும் உரியது. அங்கே பாபிலோன் அரசமரபின் தலைவனாகிய மர்துக்கின் ஒப்புதல் வேண்டும். தூண் வெளியே நிற்பது. அதில் கோலேந்திய மன்னன் நிலா, சூரியன், விண்மீன் ஆகிய மூன்று சின்னங்களை நோக்கி நிற்கிறான். அது ஹர்ரான் மக்களுக்கு உரியது.

அதாத்-குப்பியின் கல்வெட்டு என் பக்கத்துக்கு வலுச்சேர்க்கிறது, அரைகுறையாக. சின் தன் கனவில் தோன்றி மகன் கோயிலைக் கட்டுவான் என்றதாக மன்னனின் தாய் சொல்கிறாள். அவள் இறந்தது 9ஆம் ஆண்டு, கி.மு. 547, மகன் தெய்மாவில் இருந்தபோது. இவை அவள் வாழ்நாளில் சொன்ன சொற்கள் என்றால், தெய்மாவிலிருந்து திரும்பியபின்தான் சின் கனவில் கட்டளையிடத் தொடங்கினான் என்ற பேச்சே எடுபடாது. ஆனால் அவளுடைய அடக்கத்தையும் அதே கல்வெட்டு விவரிக்கிறது. எழுதியது மகனின் ஆட்கள். எனவே இதை முதற்சான்றாக வைக்கவில்லை.

என் வாசிப்புக்கு அடங்காதது ஒன்று உண்டு. பாபிலோன், போர்சிப்பா, நிப்பூர், ஊர், ஊருக், லார்சா மக்கள் சின்னுக்கு எதிராகப் பாவம் செய்தார்கள், அதனால்தான் சின் மன்னனைப் பத்தாண்டு வெளியேற வைத்தான் என்று ஹர்ரான் தூண் சாடுகிறது. இந்தக் கசப்பை ஆவணவகை கொண்டு விளக்க முடியாது. தெய்மாவில் ஏதோ நேர்ந்தது என்று போல்யூ சொல்வதில் இந்த அளவுக்கு நியாயம் இருக்கிறது.

1956இல் டேவிட் ஸ்டார்ம் ரைஸ் ஹர்ரான் தூண், அதாத்-குப்பி கல்வெட்டு ஆகிய இக்கற்களை ஹர்ரான் பெரிய பள்ளிவாசலின் வாயில்களில், எழுத்துமுகம் கீழே கவிழ்ந்த நிலையில் கண்டெடுத்தார்; 1958இல் காட் பதிப்பித்தார். மன்னன் திரும்பும் காலம் வந்த நாளை ஹர்ரான் தூண் தஷ்ரீத்து மாதம் 17 என்று துல்லியமாகக் குறிக்கிறது, ஆண்டைக் குறிக்கவில்லை. அதைச் சொல்லியிருக்க வேண்டிய நாளாகமம் அந்த இடத்தில் உடைந்துபோயிருக்கிறது. ஆகவே ஹர்ரான் தூணை கி.மு. 543க்குப் பிந்தியது என்று எழுதுவோர் அந்த எண்ணுக்குப் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி இடவேண்டும். கேள்விக்குறியுள்ள எண்ணின்மேல் மன்னனின் சமயவாழ்வைக் கட்டங்களாகப் பிரிப்பதை நிறுத்தவேண்டும்.