மலை கடந்தோரும் கடல் கடந்தோரும்

தேனி மாவட்டத்தின் கம்பம் பள்ளத்தாக்கில், சின்னமனூரை அடுத்து, முல்லைப் பெரியாற்றின் நீரால் வளம் பெறும் ஊர் மார்க்கையன்கோட்டை. அந்நீர் மேற்கு மலைக்கு அப்பாலிருந்து வருவது. 1886இல் திருவிதாங்கூர் சமஸ்தானத்துடன் செய்துகொள்ளப்பட்ட குத்தகை ஒப்பந்தத்தின்படி அணை எழுந்தது. 1895இல், மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே நீர் கிழக்கே திரும்பியது. நீர் கிழக்கே வந்தது. உழைப்போ மேற்கே சென்றது. குமுளி, கம்பம்மெட்டு, போடிமெட்டு வழிகளில் இப்பள்ளத்தாக்கின் மக்கள் ஏலத் தோட்டங்களுக்கும் தேயிலைத் தோட்டங்களுக்கும் கூலி வேலைக்குப் போயினர். விடியற்காலையில் ஜீப்புகளில் மலையேறி மாலையில் இல்லம் திரும்பும் தொழிலாளரை இன்றும் காண்கிறோம்.

அவர்கள் கடக்கும் எல்லை பலமுறை தன் இயல்பை மாற்றிக்கொண்டது. முதலில் அது பிரிட்டிஷ் மாகாணத்திற்கும் சுதேச சமஸ்தானத்திற்கும் இடைப்பட்ட எல்லை. 1956 நவம்பர் 1 முதல் இரு மொழிவழி மாநிலங்களின் எல்லை. தேவிகுளமும் பீர்மேடும் யாருக்கு என்ற வழக்கு கடுமையாக நடந்து, இரண்டும் கேரளத்தில் நின்றன. ஆயினும் மலை கடந்த தொழிலாளி ஒருநாளும் குற்றவாளி ஆகவில்லை. நாடெங்கும் தடையின்றிச் சென்று வாழும் உரிமையை அரசியலமைப்புச் சட்டம் அவனுக்கு அளித்திருந்தது.

இதே காலத்தில் தமிழ்நாட்டின் மறுபுறம், பாக் நீரிணையைக் கடந்தவர்களுக்கு நேர்ந்தது வேறு. அவ்வரலாற்றை இங்கு நினைவுகூர்வது, 'சட்டவிரோதக் குடியேறி' என்ற சொல் எவ்வாறு உருவாகிறது என்பதை அறியத் துணைபுரியும்.

அழைக்கப்பட்டவர்கள்

இலங்கை மலைநாட்டில் 19ஆம் நூற்றாண்டில் முதலில் காப்பியும், அது இலைநோயால் அழிந்தபின் தேயிலையும் பயிரிடப்பட்டன. அதற்கு வேண்டிய தொழிலாளர் தமிழகத்தின் மாவட்டங்களிலிருந்து கங்காணிகளின் வழியே திரட்டப்பட்டனர். தொடக்கத்தில் மன்னாரில் இறங்கிக் காட்டு வழியே நடந்தனர். 1914இல் தனுஷ்கோடி - தலைமன்னார் வழித்தடம் திறக்கப்பட்டபின் ரயிலிலும் கப்பலிலும் சென்றனர். தோட்டத்தின் எண் பொறித்த தகரத் துண்டு ஒன்றே அவர்களில் பலருக்குப் பயணச் சீட்டாகவும் அடையாளமாகவும் இருந்தது. இதற்கு முன்பும் உடனும், காயல்பட்டினம், கீழக்கரை போன்ற கடலோர ஊர்களின் முஸ்லிம் வணிகர் கொழும்பிலும் பிற நகரங்களிலும் கடை நடத்தி வந்தனர். அன்று எவரும் இவர்களைக் கள்ளர் என்று அழைக்கவில்லை.

உலகப் பொருளாதார மந்தத்திற்குப் பின் நிலைமை மாறியது. 1939இல் இலங்கை அரசு தன் துறைகளிலிருந்த இந்திய நாட்கூலியாட்களை நீக்கியது. அதற்கு எதிராக இந்திய அரசு, அவ்வாண்டு ஆகஸ்டு 1 முதல் பயிற்சியற்ற தொழிலாளர் இலங்கை செல்வதைத் தடுத்தது. விடுதலைக்குப் பின் இலங்கை மூன்று சட்டங்களை அடுத்தடுத்து இயற்றியது: 1948இன் குடியுரிமைச் சட்டம், அதே ஆண்டின் குடிவரவு, குடியகல்வுச் சட்டம், 1949இன் இந்திய, பாகிஸ்தானிய வதிவோர் குடியுரிமைச் சட்டம். கடைசிச் சட்டத்தின் கீழ் 1951 ஆகஸ்டுக்குள் ஏறத்தாழ 8,25,000 பேருக்காக விண்ணப்பங்கள் அளிக்கப்பட்டன. 1964 வரை குடியுரிமை பெற்றோர் ஏறத்தாழ 1,34,000 பேரே.

மொழியே சான்றாதல்

இரவில் தோணிகள் வந்தது உண்மை. பணம் பெற்று ஆட்களைக் கரைசேர்த்த தரகர்கள் இருந்ததும் உண்மை. புதிதாக விடுதலை பெற்ற சிறிய நாடு தன் கரையைக் காக்க முனைந்ததைத் தவறென்று கூறவியலாது. 1952 முதல் இராணுவமும் கடற்படையும் அப்பணியில் இறங்கின. 1963இல் அதற்கெனத் தனிப்படையே அமைந்தது.

ஆனால் காவல் கரையோடு நிற்கவில்லை. 1954 ஜனவரியில் நேருவும் கொத்தலாவலையும் செய்துகொண்ட ஒப்பந்தத்தின் ஒரு விதி நம் கவனத்திற்குரியது. வாக்காளர் பட்டியலில் இல்லாத வயதுவந்தோரைப் பதிவு செய்ய வேண்டும். பதிவில் இடம்பெறாத ஒருவரின் தாய்மொழி இந்திய மொழியாயின், அவர் சட்டவிரோதமாக வந்தவர் என்றே கொள்ளப்படுவார் என்பது அது. வந்த வழியை அரசு நிறுவ வேண்டியதில்லை. பேசும் மொழியே சான்றாயிற்று. 'கள்ளத்தோணி' என்ற சொல், தோணியையே காணாமல் மலைநாட்டில் பிறந்து வளர்ந்தவர்மீதும் கடலோர ஊர் வணிகர்மீதும் வசையாகப் படிந்தது.

இது இலங்கைக்கு மட்டும் உரிய கதையன்று. அமெரிக்கா 1942 முதல் 'பிரசேரோ' திட்டத்தால் மெக்சிகோ உழவுத் தொழிலாளரை அழைத்தது. அத்திட்டம் நடைபெறுகையிலேயே, 1954இல், ஆற்றை நீந்தி வந்தவர் என்னும் பொருள்பட 'நனைந்த முதுகு' என்ற வசைச்சொல்லையே பெயராகச் சூட்டிப் பெரும் வெளியேற்ற நடவடிக்கையை மேற்கொண்டது. இரு வசைகளும் நீரைக் கடந்த முறையிலிருந்தே பிறந்தமை காண்க.

இரு கரையிலும் அயலார்

1964 அக்டோபர் 30இல் சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 பேரைக் கணக்கிட்டது. 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. எஞ்சிய 1,50,000 பேர் 1974இல் சரிபாதியாகப் பிரிக்கப்பட்டனர். எந்த நாட்டில் வாழ விருப்பம் என்ற கேள்வி, எண்களைப் பங்கிட்ட பின்னரே அம்மக்களிடம் வந்தது.

1983 கலவரத்திற்குப் பின் இம்மலையகத் தமிழரில் ஒரு பகுதியினர் உயிர் பிழைக்கத் தமிழகக் கரை சேர்ந்தனர். 2003இன் குடியுரிமைத் திருத்தச் சட்டம், உரிய ஆவணமின்றி வந்தவர் அனைவரையும் 'சட்டவிரோதக் குடியேறி' என வகுத்துக் குடியுரிமைப் பதிவின் வாயிலை அடைத்தது. முகாம்வாசிகள் சிலர் தொடுத்த வழக்கில் 2019 ஜூனில் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, அவர்கள் புதிதாக விண்ணப்பிக்கவும் மத்திய அரசு அதைப் பரிசீலிக்கவும் வழிசெய்தது. அவ்வாண்டு டிசம்பரில் வந்த குடியுரிமைத் திருத்தச் சட்டமோ இலங்கையைத் தன் வரம்பில் சேர்க்கவில்லை. 2025இல், 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழருக்கு ஆவணமின்மைக்கான தண்டனையிலிருந்து விலக்கு அளிக்கப்பட்டது. அது தண்டனை விலக்கு, குடியுரிமை அன்று.

தகரத் துண்டோடு அழைத்துச் செல்லப்பட்டவரின் வழித்தோன்றல் அங்கே கள்ளத்தோணி. பாட்டனார் ஊருக்கு மீண்டபோது இங்கே சட்டவிரோதக் குடியேறி. மலை கடந்தவனைவிட அவன் செய்த பிழை யாது? இருவரும் கூலி தேடியே சென்றனர். ஒருவன் கடந்த எல்லையில் பின்னாளில் கடவுச்சீட்டு கேட்கப்பட்டது, மற்றவனிடம் கேட்கப்படவில்லை. எல்லைகளை வகுப்பதும் காப்பதும் அரசுகளின் கடமையே. ஆயினும் எவரையும் சட்டவிரோதமானவர் என்று எழுதுமுன், அவரை அழைத்தவர் யார், அவர் வந்தபோது சட்டம் என்னவாக இருந்தது என்னும் இரு கேள்விகளையும் கேட்டாக வேண்டும்.