நுண்ணுயிரிகளும் மனித, விலங்கு நலமும்

வெறுங்கண்ணுக்குப் புலப்படாத உயிர்களை நுண்ணுயிரிகள் என்பர். பாக்டீரியா, ஆர்க்கியா, பெரும்பாலான ஈஸ்டுகள், பல பூஞ்சைகள், புரோட்டோசோவா ஆகியவை இவற்றுள் அடங்கும். உயிரணுவுக்குள் புகுந்தால் மட்டுமே பெருகக்கூடிய வைரஸ்களும் இவற்றோடு சேர்த்தே பேசப்படுகின்றன. உணவு செரிப்பதிலும், சில வைட்டமின்கள் கிடைப்பதிலும், நோய் எதிர்ப்பாற்றல் வளர்வதிலும் நுண்ணுயிரிகளுக்குப் பங்குண்டு. காலரா, காசநோய், கோமாரி, வெறிநாய்க்கடி நோய் ஆகியவற்றுக்குக் காரணமும் அவையே. ஒரு நுண்ணுயிரி நன்மை செய்யுமா, தீங்கு செய்யுமா என்பதை அதன் இனம் மட்டும் தீர்மானிப்பதில்லை. அது தங்கும் இடம், எண்ணிக்கை, அண்டையில் வாழும் பிற நுண்ணுயிரிகள், அதற்கு இடம் தரும் உடலின் நிலை ஆகியவையும் சேர்ந்தே தீர்மானிக்கின்றன. பெருங்குடலில் தொல்லையின்றி வாழும் எஸ்செரிச்சியா கோலை பாக்டீரியா சிறுநீர்ப் பாதைக்குள் ஏறிவிட்டால் அங்கே தொற்று உண்டாகிறது.

மனித உடலில் வாழ்பவை

1683இல் ஹாலந்தைச் சேர்ந்த லேவன்ஹுக் தம் பல்லிடுக்கில் படிந்திருந்த அழுக்கைத் தாம் செய்த உருப்பெருக்கியில் வைத்துப் பார்த்து, அதில் நெளியும் உயிர்களைப் பற்றி லண்டன் ராயல் சொசைட்டிக்கு எழுதினார். உடலில் குடியிருக்கும் பாக்டீரியாவைப் பற்றிய மிகப் பழைய பதிவுகளில் அது ஒன்று. 2016இல் வெளியான ஒரு கணக்கீட்டின்படி, 70 கிலோ எடையுள்ள ஓர் ஆணின் உடலில் ஏறத்தாழ 38 லட்சம் கோடி பாக்டீரியாக்களும் 30 லட்சம் கோடி மனித உயிரணுக்களும் உள்ளன. அந்தப் பாக்டீரியாக்களின் மொத்த எடை சுமார் 200 கிராம். மிகப் பெரும்பாலானவை பெருங்குடலில் இருக்கின்றன.

சிறுகுடலில் செரிக்காமல் வரும் நார்ச்சத்தைப் பெருங்குடல் பாக்டீரியாக்கள் நொதிக்கவைத்து அசிட்டிக், புரோப்பியானிக், பியூட்டிரிக் அமிலங்களாக மாற்றுகின்றன. பெருங்குடல் உட்சுவரின் உயிரணுக்களுக்குப் பியூட்டிரிக் அமிலமே முதன்மையான எரிபொருள். வைட்டமின் கே-யின் ஒரு வகையையும் குடல் பாக்டீரியாக்கள் தயாரிக்கின்றன. பிறந்த குழந்தையின் குடலில் இவை இன்னும் குடியேறியிருக்காது. தாய்ப்பாலிலும் இந்த வைட்டமின் குறைவு. எனவே இரத்தக்கசிவைத் தடுக்கப் பிறந்தவுடன் வைட்டமின் கே ஊசி போடப்படுகிறது.

தாய்ப்பாலில் உள்ள ஒருவகைச் சர்க்கரைத் தொடர்களைக் குழந்தையால் செரிக்க முடியாது. குழந்தையின் குடலில் வளரும் பிஃபிடோபாக்டீரியாக்கள் அவற்றை உண்டு பெருகி, குடலில் அமிலத்தன்மையைக் கூட்டுகின்றன. நோய் உண்டாக்கும் பல பாக்டீரியாக்கள் அந்த அமிலத்தில் வளர முடிவதில்லை.

அசைபோடும் விலங்குகளில்

நுண்ணுயிரிகளை முற்றிலும் நம்பி வாழ்பவை மாடு, எருமை, ஆடு போன்ற அசைபோடும் விலங்குகள். வைக்கோலிலும் புல்லிலும் உள்ள செல்லுலோசைப் பிரிக்கும் நொதியை மாட்டின் உடல் சுரப்பதில்லை. அதன் வயிற்றின் நான்கு அறைகளுள் முதலாவதான பெருவயிற்றில் வாழும் நுண்ணுயிரிகளே அந்த வேலையைச் செய்கின்றன. வளர்ந்த பசுவின் பெருவயிறு 100 லிட்டருக்கு மேல் கொள்ளும். அதிலுள்ள நீர்மத்தின் ஒரு மில்லிலிட்டரில் 1,000 கோடிக்குக் குறையாத பாக்டீரியாக்கள் இருக்கும். அவை வெளியிடும் கொழுப்பு அமிலங்களிலிருந்தே பசு தன் ஆற்றலில் பெரும்பகுதியைப் பெறுகிறது. தீவனத்தோடு நகர்ந்து நான்காம் அறையை அடையும் நுண்ணுயிரிகள் அங்கே தாமே செரிக்கப்பட்டுப் புரதமாகின்றன. யூரியாவிலுள்ள நைட்ரஜனைக் கொண்டும் அவை புரதம் உருவாக்கும் என்பதால், 100 கிலோ வைக்கோலுக்கு 4 கிலோ யூரியா என்ற அளவில் நீரில் கரைத்துத் தெளித்து, மூடி வைத்துப் பதப்படுத்திய வைக்கோல் தீவனமாகிறது.

வைட்டமின் பி12-ஐப் பாக்டீரியாக்களும் ஆர்க்கியாக்களும் மட்டுமே உருவாக்க முடியும். அதற்குக் கோபால்ட் தேவை. ஆஸ்திரேலியாவின் தென்கரை மேய்ச்சல் நிலங்களில் நன்கு மேய்ந்தும் செம்மறி ஆடுகள் மெலிந்து மடிந்தன. மண்ணில் கோபால்ட் பற்றாக்குறையே அதற்குக் காரணம் என்பது 1930களில் தெரியவந்தது.

பெருவயிற்றின் சமநிலை ஒரே வேளைத் தீவனத்தால் குலையக்கூடும். பொங்கல், திருமண விருந்து போன்ற நாட்களில் மிஞ்சிய சோற்றையோ அரிசி, மாவு போன்றவற்றையோ மாட்டுக்கு அளவுமீறிக் கொடுத்தால், மாவுச்சத்தை உண்டு வேகமாகப் பெருகும் பாக்டீரியாக்கள் லாக்டிக் அமிலத்தைக் கொட்டுகின்றன. வழக்கமாக 6 முதல் 7 வரை இருக்கும் அமில-கார அளவு 5-க்கும் கீழே இறங்கிவிடுகிறது. நார்ச்சத்தைப் பிரிக்கும் பாக்டீரியாக்களும் புரோட்டோசோவாக்களும் மடிகின்றன. மாடு அசைபோடுவதை நிறுத்துகிறது, கழிகிறது, தள்ளாடுகிறது. உடனே கவனிக்காவிட்டால் இறந்தும் போகும். அமிலத்தைத் தணிக்கச் சமையல் சோடா கொடுப்பதுடன், நலமான மாட்டின் பெருவயிற்று நீரை எடுத்து நோயுற்ற மாட்டுக்குள் செலுத்துவதும் கால்நடை மருத்துவர்கள் கையாளும் முறை.

சவுண்டல் என்றும் சூபாபுல் என்றும் வழங்கும் தீவன மரத்தின் கதை, ஒரே ஒரு பாக்டீரியாவுக்கு எவ்வளவு ஆற்றல் உண்டு என்பதைக் காட்டும். இதன் இலையில் மைமோசின் என்ற நச்சுப்பொருள் உள்ளது. ஆஸ்திரேலியாவில் இதை மிகுதியாகத் தின்ற மாடுகளுக்கு மயிர் கொட்டியது, தைராய்டு வீங்கியது, எடை குறைந்தது. ஹவாய்த் தீவின் ஆடுகளோ இதையே தின்று நலமாக இருந்தன. அந்த ஆடுகளின் பெருவயிற்றில் நஞ்சைச் சிதைக்கும் நுண்ணுயிரி இருக்க வேண்டும் என்று கருதிய ஆஸ்திரேலிய ஆய்வாளர் ரேமண்ட் ஜோன்ஸ், 1980களில் அவற்றின் பெருவயிற்று நுண்ணுயிரிகளைத் தம் நாட்டு விலங்குகளுக்குள் செலுத்தினார். நச்சு விளைவு மறைந்தது. பின்னர் பிரித்தறியப்பட்ட அந்தப் பாக்டீரியாவுக்கு 1992இல் அவர் பெயராலேயே சைனர்ஜிஸ்டிஸ் ஜோன்சியை என்று பெயரிடப்பட்டது.

நோய் உண்டாகும் விதம்

குறிப்பிட்ட நோய்க்குக் குறிப்பிட்ட நுண்ணுயிரி காரணம் என்பது கால்நடை நோய் ஒன்றிலேயே முதலில் ஐயமற நிறுவப்பட்டது. 1876இல் ராபர்ட் கோக் அடைப்பான் நோயின் பாக்டீரியாவை வளர்த்து, அதன் வாழ்க்கைச் சுழற்சியை விளக்கினார். 1882இல் காசநோய்க் கிருமியையும் அவர் கண்டறிந்தார்.

சில கிருமிகள் நஞ்சைச் சுரந்து தீங்கு செய்கின்றன. காலரா பாக்டீரியா குடற்சுவரைத் துளைத்து உள்ளே செல்வதில்லை. அதன் நஞ்சு குடலின் உயிரணுக்களை உப்பையும் நீரையும் வெளியே கொட்ட வைக்கிறது. இந்த நஞ்சு இருப்பதைக் கல்கத்தாவில் சம்புநாத் டே 1959இல் நிரூபித்தார். உப்பும் சர்க்கரையும் கலந்த நீரைக் குடிக்கக் கொடுத்தே பெரும்பாலான நோயாளிகளைக் காப்பாற்ற முடிவது இதனால்தான். மண்ணிலும் சாணத்திலும் விதைத்துகளாகக் கிடக்கும் ரண ஜன்னிப் பாக்டீரியா, ஆழமான காயத்துக்குள் காற்றில்லாத இடம் கிடைத்தால் முளைத்து நரம்புகளைத் தாக்கும் நஞ்சைச் சுரக்கிறது. மனிதரைப் போலவே குதிரையும் இதற்கு எளிதில் பலியாகும். வைரஸ்கள் உயிரணுவுக்குள் புகுந்து அதை அழிக்கின்றன. சில நோய்களில், கிருமியை எதிர்க்கும் உடலின் அழற்சியே கூடுதல் சேதத்தைச் செய்கிறது.

பூஞ்சைகள் உடலுக்குள் புகாமலே நோய் தரலாம். 1960இல் இங்கிலாந்தில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட வான்கோழிகள் மடிந்தன. பிரேசிலிலிருந்து வந்த கடலைப் புண்ணாக்கில் ஆஸ்பெர்ஜில்லஸ் பூஞ்சை வளர்ந்திருந்ததே காரணம் என்று கண்டுபிடித்தனர். அது சுரக்கும் அஃப்ளாடாக்சின் கல்லீரலைக் கெடுக்கிறது. மனிதரில் கல்லீரல் புற்றுநோய்க்கும் வழிவகுக்கிறது. பூசணம் பிடித்த புண்ணாக்கையோ மக்காச்சோளத்தையோ பசு தின்றால் இந்த நஞ்சு உருமாறிப் பாலிலும் வருகிறது.

விலங்கிலிருந்து மனிதருக்கு

மனிதரைத் தாக்கும் தொற்று நோய்க் கிருமிகளில் பாதிக்கு மேற்பட்டவை விலங்குகளோடு தொடர்புடையவை. வெறிநாய்க்கடி நோய் மனிதருக்கு வருவது ஏறத்தாழ எப்போதும் நாய்க்கடியால். அறிகுறி தோன்றிய பின் பிழைப்பது அரிது என்பதால், கடிபட்ட இடத்தை உடனே சோப்பும் நீரும் கொண்டு 15 நிமிடம் கழுவித் தடுப்பூசி போட்டுக்கொள்வது இன்றியமையாதது. எலிக்காய்ச்சல் எலி, மாடு, நாய் ஆகியவற்றின் சிறுநீர் கலந்த நீரால் பரவுகிறது. எனவே வயலில் வெறுங்காலோடு இறங்குவோரும் வெள்ளத்தில் நடப்போரும் மிகுதியாகப் பாதிக்கப்படுகின்றனர். மாடுகளில் சினை கலைவதற்குக் காரணமான புரூசெல்லா, காய்ச்சாத பால் வழியாகவும் நஞ்சுக்கொடியை வெறுங்கையால் தொடுவதாலும் மனிதருக்குத் தொற்றி, விட்டுவிட்டு வரும் காய்ச்சலையும் மூட்டு வலியையும் தருகிறது.

தடுப்பூசியும் மருந்தும்

1796இல் எட்வர்ட் ஜென்னர் பெரியம்மையைத் தடுக்கப் பயன்படுத்தியது பசு அம்மைப் புண்ணின் நீர். பெரியம்மை 1980இல் உலகிலிருந்து ஒழிந்ததாக அறிவிக்கப்பட்டது. மாடுகளைக் கொத்துக்கொத்தாகக் கொன்ற வெக்கை நோய் 2011இல் ஒழிந்தது. முழுமையாக ஒழிக்கப்பட்ட தொற்று நோய்கள் இதுவரை இவ்விரண்டே.

மருந்துகள் பலவற்றையும் நுண்ணுயிரிகளே தந்தன. 1928இல் ஃபிளெமிங் கண்ட பெனிசிலின் ஒரு பூஞ்சையிலிருந்தும், காசநோய்க்கு முதல் மருந்தான ஸ்ட்ரெப்டோமைசின் மண்ணிலுள்ள பாக்டீரியாவிலிருந்தும் கிடைத்தன. ஜப்பானில் எடுத்த மண்ணில் சத்தோஷி ஓமுரா கண்ட பாக்டீரியாவிலிருந்து பிறந்த ஐவர்மெக்டின், முதலில் கால்நடைகளின் ஒட்டுண்ணிகளுக்கும் பின்னர் ஆப்பிரிக்காவின் ஆற்றுக்குருடு நோய்க்கும் மருந்தானது.

நுண்ணுயிர்க்கொல்லிகளை அளவின்றிப் பயன்படுத்தும்போது அவற்றுக்கு அடங்காத பாக்டீரியாக்கள் மட்டும் தப்பிப் பெருகுகின்றன. இத்தகைய எதிர்ப்பினால் நேரடியாக நிகழ்ந்த மரணங்கள் 2019இல் உலகெங்கும் சுமார் 12.7 லட்சம் என மதிப்பிடப்பட்டுள்ளது. பண்ணை விலங்குகள் விரைவில் எடை கூடத் தீவனத்தில் நுண்ணுயிர்க்கொல்லிகளைக் கலப்பதும் இந்த எதிர்ப்புக்கு ஒரு காரணம். ஐரோப்பிய ஒன்றியம் 2006இல் இவ்வழக்கத்தைத் தடை செய்தது. கடைசி மருந்தாகக் கருதப்படும் கோலிஸ்டினை உணவுக்காக வளர்க்கும் விலங்குகளுக்குத் தருவதை இந்தியா 2019இல் தடை செய்தது. மடிவீக்கத்துக்கு மருந்து செலுத்திய பசுவின் பாலை, குறிப்பிட்ட நாட்கள் கழியும் வரை விற்கக் கூடாது என்பதும் இதனையொட்டிய விதி.

நுண்ணுயிரிகளைக் கொண்டே சிகிச்சை

நுண்ணுயிர்க்கொல்லி குடலின் இயல்பான பாக்டீரியாக்களையும் அழிப்பதால், சில நோயாளிகளுக்குக் குளோஸ்ட்ரிடியாய்டிஸ் டிஃபிசில் பெருகிக் கடும் வயிற்றுப்போக்கு மீண்டும் மீண்டும் வருகிறது. நலமானவரின் மலத்திலிருந்து எடுத்த நுண்ணுயிரிகளை நோயாளியின் குடலுக்குள் செலுத்தும் முறையை 2013இல் நெதர்லாந்து மருத்துவர்கள் சோதித்தனர். முதல் முறையிலேயே 16 பேரில் 13 பேர் குணமடைந்தனர்.

பொரிப்பகத்தில் பிறக்கும் கோழிக்குஞ்சுகள் தாய்க்கோழியின் எச்சத்தோடு தொடர்பில்லாமல் வளர்வதால் அவற்றை சால்மோனெல்லா எளிதில் தொற்றுகிறது. வளர்ந்த கோழியின் குடல் பாக்டீரியாக்களைக் குஞ்சுகளுக்குக் கொடுத்தால் அத்தொற்று குறையும் என்று 1973இல் பின்லாந்தைச் சேர்ந்த நூர்மியும் ரந்தாலாவும் காட்டினர். ஒடிசாவின் கிராமங்களில் பிறந்த 4,556 குழந்தைகளிடம் நடந்து 2017இல் வெளியான ஆய்வில், லாக்டோபாசில்லஸ் பிளான்டாரம் பாக்டீரியாவையும் அதற்கு உணவாகும் சர்க்கரையையும் ஒரு வாரம் பெற்ற குழந்தைகளிடம் இரத்தத் தொற்றும் இறப்பும் சேர்ந்து 40 சதவீதம் குறைந்தன. இத்தகைய பலன் குறிப்பிட்ட பாக்டீரியாவுக்கும் குறிப்பிட்ட நிலைமைக்கும் உரியது. கடைகளில் விற்கும் எல்லா புரோபயாடிக் பொருள்களுக்கும் பொருந்தாது.

மனிதர், விலங்கு, சுற்றுச்சூழல் ஆகிய மூன்றின் நலத்தையும் ஒன்றாகவே பேண வேண்டும் என்ற கொள்கை ‘ஒரே நலம்’ எனப்படுகிறது. உலக சுகாதார நிறுவனம், உணவு வேளாண்மை அமைப்பு, உலக விலங்கு நல அமைப்பு, ஐ.நா. சுற்றுச்சூழல் திட்டம் ஆகிய நான்கும் இதற்கான கூட்டுச் செயல்திட்டத்தை 2022இல் வெளியிட்டன.